பைபோலார்: இடைப்பட்ட நாட்களின் நோய்

2011-இல் வெளியான ஒரு பன்னாட்டு ஆய்வு, 11 நாடுகளில் 61 ஆயிரத்துக்கும் அதிகமான பேரை நேரில் பேட்டி கண்டு, பைபோலார் நோய் எத்தனை பேருக்கு வாழ்நாளில் வந்திருக்கிறது என்று கணக்கிட்டது. பட்டியலின் உச்சியில் அமெரிக்கா, 4.4 சதவீதம். அடியில் இந்தியா, 0.1 சதவீதம். இந்தியா என்று அந்த அட்டவணையில் குறிக்கப்பட்டிருப்பது உண்மையில் புதுச்சேரி வட்டாரம். பேட்டிகள் நடந்தது அங்கேதான்.

ஆயிரத்தில் ஒருவர். நம் மக்களுக்கு இந்த நோய் அவ்வளவு அரிதா? நான் அதை நம்பவில்லை. முன்பின் தெரியாத ஒருவர் வினாத்தாளோடு வாசலில் வந்து நின்று, தூக்கமே தேவைப்படாமல் அளவு கடந்த உற்சாகத்தில் இருந்த நாட்கள் உண்டா என்று கேட்டால், கல்யாண வயதில் பெண்ணோ பையனோ இருக்கும் வீட்டில் என்ன பதில் வரும்? வெளியே சொல்லத் தயங்குகிறவர்கள் பலர். அது நோய் என்றே அறியாதவர்கள் இன்னும் பலர். பெங்களூரு நிம்ஹான்ஸ் மனநல நிறுவனம் 2015-16-இல் தமிழ்நாடு உட்பட 12 மாநிலங்களில் நடத்திய தேசிய மனநலக் கணக்கெடுப்பில் இந்த எண் 0.5 சதவீதமாக உயர்ந்தது. 2017-ஆம் ஆண்டுக்கான இன்னொரு மதிப்பீடு இந்தியாவில் 76 லட்சம் பேர் இந்த நோயோடு வாழ்வதாகச் சொன்னது. உலக அளவில் சுமார் 4 கோடிப் பேர் என்பது உலக சுகாதார நிறுவனம் 2019-க்குத் தரும் கணக்கு.

இவற்றைவிட என்னை அதிகம் உறுத்துவது நிம்ஹான்ஸ் கணக்கெடுப்பின் வேறொரு எண். பைபோலார் உள்ளவர்களில் ஏறத்தாழ 70 சதவீதம் பேர் சிகிச்சையில் இல்லை. ஆண்டவன் புண்ணியத்தில் மலிவான, நன்கு சோதிக்கப்பட்ட மருந்துகள் இருக்கும் ஒரு நோய்க்கு இந்த நிலை. ஏன் என்று தேடிப் போனால் பணம், தூரம், வெட்கம் எல்லாமே காரணமாகத் தென்படும். ஆனால் அடிப்படையான காரணம் வேறு என்று நினைக்கிறேன். இந்த நோயை நாம் அது வெடிக்கும் நாட்களில் மட்டுமே பார்க்கிறோம். வெடிப்புகளுக்கு நடுவே மாதக்கணக்கில், சில நேரம் வருடக்கணக்கில் நீளும் அமைதியான காலத்தைக் குணமாகிவிட்டதாக எடுத்துக்கொள்கிறோம். உண்மையில் இந்த நோயை வெல்வதும் அதனிடம் தோற்பதும் அந்த இடைப்பட்ட நாட்களில்தான் நடக்கிறது.

நோய் எப்படியிருக்கும்? காலையில் சிரித்து மாலையில் சிடுசிடுப்பவரைப் பார்த்து 'இவருக்கு பைபோலார்' என்று சொல்வது இப்போது வழக்கமாகிவிட்டது. அது தவறு. இங்கே மனநிலை நாட்கணக்கில், வாரக்கணக்கில் மாறி நிற்கும். மேனியா என்று சொல்ல, எழுச்சி குறைந்தது ஒரு வாரம் நீடிக்க வேண்டும், அல்லது மருத்துவமனையில் சேர்க்கும் அளவுக்கு முற்ற வேண்டும். இரண்டு மூன்று மணி நேரம் தூங்கிவிட்டு, களைப்பே இல்லாமல் எழுந்துவிடுவார். பேச்சு ஓடும், அதை யாரும் இடைமறிக்க முடியாது. ஒரே வாரத்தில் மூன்று தொழில் தொடங்கத் திட்டம் போடுவார். நகையை அடகு வைப்பார், கைபேசியிலேயே கடன் வாங்குவார், முன்பின் தெரியாதவருக்கு வாரி வழங்குவார். தடுத்தால் கோபம் பொங்கும். முற்றினால் தெய்வம் தன்னிடம் பேசுவதாக, நாட்டை ஆளத் தன்னை அழைத்திருப்பதாக நம்பிக்கை வரும். இதன் மென்மையான வடிவம் ஹைப்போமேனியா. நான்கு நாட்களாவது நீடிக்கும், ஆனால் வேலையும் வீடும் நிலைகுலையாது. சொல்லப்போனால் அந்த நாட்களில் அவர் எல்லோரும் விரும்பும் மனிதராக இருப்பார். முழு மேனியா வந்தவர்களுக்கு முதல் வகை பைபோலார் என்றும், ஹைப்போமேனியாவும் கடும் மனச்சோர்வும் மட்டும் வந்தவர்களுக்கு இரண்டாம் வகை என்றும் மருத்துவர்கள் பிரித்துச் சொல்கிறார்கள்.

மறுமுனை மனச்சோர்வு. படுக்கையை விட்டு எழ முடியாமை, எதிலும் ருசியின்மை, தான் ஒரு பாரம் என்ற எண்ணம், சாவைப் பற்றிய நினைப்பு. நோயின் பெயர் இரண்டு முனைகளுக்கும் சம எடை கொடுப்பதுபோல் தோன்றினாலும் வாழ்க்கை அப்படிப் பிரிவதில்லை. அமெரிக்காவில் முதல் வகை நோயாளிகள் 146 பேரைச் சராசரியாக 12.8 ஆண்டுகள் வாரம் வாரமாகப் பின்தொடர்ந்து 2002-இல் வெளியிட்ட ஆய்வில், ஏறக்குறைய பாதி வாரங்களில் அவர்களுக்கு ஏதோ ஓர் அறிகுறி இருந்தது. மனச்சோர்வில் கழிந்தவை சுமார் 32 சதவீதம். மேனியாவில் கழிந்தவை 9 சதவீதம் மட்டுமே. ஊர் நினைவில் வைத்திருப்பது அந்த ஒன்பதை. நோயாளி சுமப்பது முப்பத்திரண்டை.

நோய் தெரியாமல் போவதற்கும் இதுவே காரணம். மனச்சோர்வில்தான் உதவி கேட்டு வருகிறார்கள். எழுச்சி நாட்களைப் பற்றி அவர்களும் சொல்வதில்லை, மருத்துவரும் பல நேரம் கேட்பதில்லை. வெறும் மனச்சோர்வு என்று எண்ணி அதற்கான மாத்திரையை மட்டும் கொடுத்தால், சிலருக்கு அதுவே மேனியாவைத் தூண்டிவிடும். முதல் அறிகுறியிலிருந்து சரியான பெயர் கிடைக்க ஆறு முதல் பத்து ஆண்டுகள் ஆகின்றன என்று பல நாட்டு ஆய்வுகள் திரும்பத் திரும்பச் சொல்கின்றன. நோய் தொடங்குவதோ பதின்பருவத்தின் இறுதியிலும் இருபதுகளிலும். படிப்பு, முதல் வேலை, கல்யாணம் ஆகிய மூன்றும் முடிவாகும் பத்தாண்டு அப்படியே போய்விடுகிறது.

நம் ஊரில் இன்னொரு சிக்கலும் உண்டு. ஒரே நோயின் இரண்டு முகங்களும் இரண்டு வெவ்வேறு வாசல்களுக்குப் போகின்றன. சோர்ந்து கிடந்தால் 'நரம்புத் தளர்ச்சி' என்று தெருமுனை டாக்டரிடம் சத்து ஊசி. கொந்தளித்தால் 'காத்து கருப்பு' என்று ஏர்வாடி தர்காவுக்கோ குணசீலம் கோயிலுக்கோ பயணம். இரண்டையும் ஒரே கோப்பில் எழுதிவைக்க ஆளில்லை. நம்பிக்கையைக் குறை சொல்வதற்காக இதைச் சொல்லவில்லை. தூக்கமிழந்து தவிக்கும் குடும்பத்துக்கு அந்த இடங்கள் தரும் ஆறுதல் உண்மையானது. ஆனால் 2001 ஆகஸ்ட் 6 அன்று ஏர்வாடியில் ஒரு தனியார் காப்பகத்தில் தீப்பிடித்தபோது, சங்கிலியில் கட்டப்பட்டிருந்ததால் ஓட முடியாமல் 28 பேர் எரிந்து இறந்தார்கள். அந்த நினைவு தமிழ்நாட்டின் மனநல வரலாற்றிலிருந்து ஒருபோதும் அழியக் கூடாது. பின்னாளில் அதே தர்காவில் பிரார்த்தனையும் மருந்தும் ஒன்றாகக் கிடைக்க அரசே மருத்துவர்களை அமர்த்தியது. இதை நான் மனதார வரவேற்கிறேன். நோயாளி எங்கே வருகிறாரோ அங்கே மருத்துவம் போய்ச் சேர வேண்டும்.

காரணம் என்ன என்று கேட்கும் தாயிடம் முதலில் சொல்ல வேண்டியது, வளர்ப்பு அல்ல என்பதுதான். ஒரு கரு இரட்டையரில் ஒருவருக்கு இருந்தால் மற்றவருக்கும் வர 40 முதல் 70 சதவீதம் வரை வாய்ப்பு உண்டு. பரம்பரையின் பங்கு பெரியது என்பதில் ஐயமில்லை. ஆனால் அது ஒற்றை மரபணுவின் வேலை அல்ல. 1987-இல் பென்சில்வேனியாவின் ஆமிஷ் சமூகத்தை ஆராய்ந்தவர்கள் 11-ஆம் குரோமோசோமில் காரணத்தைக் கண்டுவிட்டதாக 'நேச்சர்' இதழில் அறிவித்தார்கள். அதே குடும்பங்களில் மேலும் சிலரைச் சேர்த்துப் பார்த்தபோது, இரண்டே ஆண்டுகளில் அந்த முடிவு உடைந்தது. 2025-இல் அதே இதழில் வந்த ஆய்வு ஒன்றரை லட்சத்துக்கும் அதிகமான நோயாளிகளின் மரபுத் தகவலை அலசி 298 இடங்களைச் சுட்டியது. ஒவ்வொன்றும் துளித்துளியாக ஆபத்தைக் கூட்டுபவை. ரத்தம் எடுத்து, உங்களுக்கு இது வரும் வராது என்று சொல்லும் சோதனை எதுவும் இன்று இல்லை.

சம்பந்தம் பேசும் வீடுகளில் இந்த எண்கள் எப்படித் திரியும் என்று எனக்குத் தெரியும், அதனால் இதையும் சொல்லிவிடுகிறேன். பெற்றோரில் ஒருவருக்கோ உடன்பிறந்தவருக்கோ இருந்தால் மற்றவருக்கு வரும் வாய்ப்பு சுமார் 5 முதல் 10 சதவீதம். பொது மக்களைவிடக் கூடுதல்தான். ஆனாலும் பத்தில் ஒன்பது பேருக்கு வருவதில்லை.

உடம்பில் இந்தச் சாய்வு இருப்பவர்களுக்கு நோயைக் கிளப்பிவிடுபவை வேறு. முதன்மையானது தூக்கக் கேடு. இரவுப் பணி, தேர்வுக்குக் கண்விழிப்பு, கல்யாண வீட்டுக் களேபரம், நேர வித்தியாசமுள்ள நாட்டுக்கு விமானப் பயணம் எதுவாகவும் இருக்கலாம். தூக்கம் குறைவது மேனியாவின் அறிகுறி மட்டுமல்ல, அதைக் கொண்டுவருவதும் அதுவே. கஞ்சா, ஸ்டீராய்டு மருந்துகள், பெரும் இழப்புகள், சிறுவயதுக் கொடுமைகள் ஆகியவற்றுக்கும் பங்குண்டு. பிரசவம் தனியாகக் கவனிக்க வேண்டியது. முதல் வகை பைபோலார் உள்ள பெண்களில் ஏறக்குறைய ஐந்தில் ஒருவருக்குப் பிரசவத்தை அடுத்த நாட்களில் கடுமையான மனக்குழப்பம் வருகிறது. அதை 'பிள்ளை பெத்த உடம்பு, பார்வை பட்டிருக்கு' என்று பத்து நாள் கடத்துவது தாய்க்கும் சேய்க்கும் உயிராபத்து. கர்ப்பத்தின்போதே மகப்பேறு மருத்துவரும் மனநல மருத்துவரும் பேசிவைத்துக்கொண்டால் இதில் பெரும்பகுதியைத் தடுக்கலாம்.

சிகிச்சையின் வரலாறு ஆஸ்திரேலியாவில் தொடங்குகிறது. ஜான் கேட் என்ற மருத்துவர் சிங்கப்பூரின் சாங்கி முகாமில் ஜப்பானியரிடம் மூன்றரை ஆண்டுகள் போர்க் கைதியாக இருந்தவர். மெல்போர்ன் புறநகரான பண்டூராவின் மருத்துவமனையில், பயன்பாடற்றுக் கிடந்த ஒரு பண்டக அறையே அவருடைய ஆய்வுக்கூடம். மேனியாவுக்குக் காரணமான ஏதோ ஒரு நஞ்சு உடம்பில் சுரக்கிறது என்று எண்ணி, நோயாளிகளின் சிறுநீரைக் கினிப் பன்றிகளுக்குச் செலுத்திப் பார்த்தார். சிறுநீரில் உள்ள யூரிக் அமிலத்தைக் கரைக்க அவர் சேர்த்தது லித்தியம் உப்பு. விலங்குகள் அமைதியாகின. கருதுகோள் தவறு, கையில் கிடைத்ததோ மருந்து. முதலில் தானே விழுங்கிப் பார்த்துவிட்டு, மேனியா நோயாளிகள் பத்துப் பேருக்குக் கொடுத்தார். 1949 செப்டம்பரில் கட்டுரை வெளியானது.

அந்தப் பத்துப் பேரில் முதலாமவரின் கதையைப் பாடநூல்கள் பாதியில் நிறுத்திவிடுகின்றன. ஐம்பது வயதைக் கடந்த அவர் ஐந்து ஆண்டுகளாக மேனியாவிலேயே கிடந்தவர். லித்தியம் எடுத்துச் சில மாதங்களில் வீடு திரும்பி, பழைய வேலைக்கே போனார். உடம்பு சரியாகிவிட்டது என்று மருந்தைக் கைவிட்டார். நோய் திரும்பியது. மீண்டும் சேர்த்து மீண்டும் கொடுத்தார்கள். ரத்தத்தில் அளவு பார்க்கும் வழி அப்போது அங்கே இல்லை. 1950-இல் லித்தியம் நஞ்சாகி அவர் இறந்தார். மருந்தை நிறுத்தினால் என்ன ஆகும், அளவு பார்க்காமல் கொடுத்தால் என்ன ஆகும் என்ற இரண்டு பாடங்களும் அந்த ஒரு மனிதரின் வாழ்க்கையிலேயே இருக்கின்றன.

லித்தியத்தை மீட்டெடுத்தவர் டென்மார்க்கின் மோகன்ஸ் ஷோ. அவருடைய சொந்தத் தம்பிக்கே மீண்டும் மீண்டும் மனச்சோர்வு வந்துகொண்டிருந்தது. 1954-இல் அவர் முறையான சோதனை நடத்தினார். மேனியாவைத் தணிப்பதோடு, தொடர்ந்து எடுத்தால் அடுத்த வெடிப்பையே தடுக்கும் என்று அவரும் சக ஆய்வாளர் பாஸ்ட்ருப்பும் காட்டியபோது, லண்டன் மனநல மருத்துவர்கள் 1968-இல் அதைக் கட்டுக்கதையோ என்று எழுதினார்கள். ஷோவும் பாஸ்ட்ருப்பும் 1970-இல் இன்னும் கண்டிப்பான ஆய்வோடு பதில் சொன்னார்கள். அதே ஆண்டு அமெரிக்கா அனுமதி அளித்தது. லித்தியம் எப்படி வேலை செய்கிறது என்பது முழுமையாகப் பிடிபடவில்லை. ஆனால் 2010-இல் வந்த 'பேலன்ஸ்' ஆய்வு, நோய் திரும்புவதைத் தடுப்பதில் வால்ப்ரோயேட் என்ற மருந்தைவிட அது மேலானது என்று காட்டியது. தற்கொலையைக் குறைப்பதிலும் இதற்கு இணையான சான்று வேறு மருந்துகளுக்கு இல்லை. எந்த நிறுவனத்துக்கும் காப்புரிமை இல்லாத உப்பு இது. விலையும் சில ரூபாய்தான்.

லித்தியம் கவனத்தைக் கேட்கும் மருந்து. ரத்தத்தில் லிட்டருக்கு 0.6 முதல் 1.0 மில்லிமோல் வரை இருந்தால் நன்மை, 1.5-ஐத் தாண்டினால் ஆபத்து. கடைசி மாத்திரைக்குப் 12 மணி நேரம் கழித்து ரத்தம் எடுக்க வேண்டும். சிறுநீரகமும் தைராய்டும் ஆறு மாதத்துக்கு ஒருமுறையாவது பார்க்கப்பட வேண்டும். நம் தட்பவெப்பத்தில் கூடுதல் எச்சரிக்கை தேவை. சித்திரை வெயிலில் வியர்த்துக் கொட்டினாலோ, வயிற்றுப்போக்கு கண்டாலோ, உப்பைத் திடீரென்று குறைத்தாலோ லித்தியம் ரத்தத்தில் ஏறிவிடும். மூட்டுவலிக்குக் கடையில் வாங்கும் டைக்ளோஃபினாக், ஐபுப்ரோஃபென் போன்றவையும், சில ரத்த அழுத்த மாத்திரைகளும் அதையே செய்யும். கை பெரிதாக நடுங்கினால், நடை தள்ளாடினால், வாந்தி வந்தால், பேச்சு குழறினால் அடுத்த வேளை மாத்திரையை நிறுத்திவிட்டு உடனே மருத்துவமனை போக வேண்டும். இதை ஒரு தாளில் எழுதிச் சமையலறைச் சுவரில் ஒட்டிவைக்கும் குடும்பங்கள் புத்திசாலிக் குடும்பங்கள்.

மற்ற மருந்துகளைச் சுருக்கமாகச் சொல்லலாம். மேனியாவைத் தணிக்க ஒலான்சபின், குயெட்டியபின், வால்ப்ரோயேட். மனச்சோர்வு அதிகம் வருபவர்களுக்குக் குயெட்டியபினும் லாமோட்ரிஜினும். லாமோட்ரிஜினை மிக மெல்ல ஏற்றாவிட்டால் தோல் கொப்பளிக்கும் கொடிய ஒவ்வாமை வரக்கூடும். வால்ப்ரோயேட் விஷயத்தில் மட்டும் சுருக்கமாக நகர முடியாது. கர்ப்ப காலத்தில் அதை எடுத்தால் பத்தில் ஒரு குழந்தைக்குப் பிறவிக் குறை, பத்தில் மூன்று நான்கு குழந்தைகளுக்கு வளர்ச்சிக் குறைபாடு என்று பிரிட்டிஷ் மருந்து ஆணையம் எச்சரித்து, இளம்பெண்களுக்குத் தருவதைக் கடுமையாகக் கட்டுப்படுத்தியிருக்கிறது. பிள்ளை பெறும் வயதுள்ள பெண்ணுக்கு இதை எழுதித் தரும்போது அவளிடம் இதைச் சொல்லாமலிருப்பது நியாயமே இல்லை. 'ஷாக் ட்ரீட்மெண்ட்' என்றாலே சினிமாக் காட்சிகள் நினைவுக்கு வருகின்றன. மயக்க மருந்தில்லாமல் அதைக் கொடுப்பதை 2017-இன் மனநலப் பாதுகாப்புச் சட்டம் தடைசெய்துவிட்டது. சாப்பிடாமல் குடிக்காமல் சாவின் விளிம்பில் இருப்பவரை மீட்க அது இன்றும் தேவைப்படுகிறது.

மருந்தோடு கற்றலும் சேர வேண்டும். பார்சிலோனாவில் 120 நோயாளிகளைப் பிரித்து, ஒரு பாதிக்கு 21 வாரம் நோயைப் பற்றிக் குழுவாகப் பாடம் நடத்தினார்கள். இரண்டு ஆண்டுகளில் பாடம் கேட்காதவர்களில் 92 சதவீதம் பேருக்கு நோய் திரும்பியது. கேட்டவர்களில் 67 சதவீதம். அறுபத்தேழு ஒன்றும் சின்ன எண் அல்ல. இந்த நோய் எவ்வளவு பிடிவாதமானது என்பதை அது சொல்கிறது. தூங்கும் நேரம், எழும் நேரம், சாப்பிடும் நேரம் மூன்றையும் ஒழுங்காக வைக்கக் கற்றுத்தரும் ஒரு சிகிச்சை முறையைப் பிட்ஸ்பர்க்கில் எல்லன் ஃபிராங்க் உருவாக்கினார். நம் பாட்டிகள் சொன்ன நேரத்துக்குச் சோறு, நேரத்துக்குத் தூக்கம்தான் அது. இந்த நோயாளிகளுக்கு மட்டும் அது அறிவுரை அல்ல, மருந்து.

இருந்தும் ஏன் மருந்தை நிறுத்துகிறார்கள்? எடை கூடுகிறது, கை நடுங்குகிறது, மந்தமாக இருக்கிறது. இவற்றை நோயாளி சொல்லும்போது மருத்துவர் காதுகொடுத்து மாற்றித்தர வேண்டும். சிலருக்கு அந்த எழுச்சி நாட்களின் ஒளி மீது ஏக்கம். ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகப் பேராசிரியை கே ரெட்ஃபீல்ட் ஜேமிசன் இந்த நோயை ஆராய்பவர், இந்த நோயோடு வாழ்பவரும். லித்தியத்தை நிறுத்தி நிறுத்திச் சாவின் வாசல் வரை போய்வந்ததை 1995-இல் வெளியான தன்வரலாற்றில் வெளிப்படையாக எழுதினார். நம் வீடுகளில் இன்னொரு காரணமும் உண்டு. பெண் பார்க்க வருகிறார்கள் என்றால் மாத்திரை டப்பா மறைக்கப்படும். தாலி ஏறியதும் புது வீட்டில் ஒளிந்து விழுங்க முடியாமல் மாத்திரை நின்றுபோகும். கல்யாணக் கண்விழிப்பும் சேர்ந்து, மூன்றாம் மாதத்துக்குள் நோய் திரும்பும். 'கல்யாணம் பண்ணி வெச்சா சரியாயிடும்' என்ற ஒரு வாக்கியம் எத்தனை குடும்பங்களைக் கெடுத்திருக்கிறது!

சொல்லிவிட்டுச் செய்த கல்யாணங்கள் பல நிலைத்து நிற்கின்றன. மறைத்துச் செய்தவை பல நீதிமன்றத்துக்குப் போகின்றன. இந்து திருமணச் சட்டம் மனநோயை விவாகரத்துக்கான காரணங்களில் ஒன்றாக வைத்திருக்கிறது. ஆனால் நோயின் பெயர் மட்டும் போதாது, சேர்ந்து வாழ முடியாத அளவுக்கு அதன் தீவிரம் இருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1988-இல் ராம் நாராயண் குப்தா வழக்கில் விளக்கியது.

நோயின் விலை பெரிது. பொது மக்களைவிடத் தற்கொலை ஆபத்து 20 முதல் 30 மடங்கு. ஆயுளில் சுமார் பத்து ஆண்டு குறைகிறது. அதில் பெரும்பங்கு தற்கொலை அல்ல, மாரடைப்பும் சர்க்கரையும். மனநல மருத்துவர் எடையும் சர்க்கரையும் பார்ப்பதில்லை, பொது மருத்துவர் 'மனநோய் கேஸ்' என்று தள்ளிவைக்கிறார். கடனும் வேலையிழப்பும் குடும்பத்தின் தலையில். அடுத்த வெடிப்பு எப்போது என்று மனைவியோ அம்மாவோ ஒவ்வொரு சிரிப்பையும் சந்தேகத்தோடு பார்க்கப் பழகிவிடுகிறார். அந்தக் களைப்பை அளக்கக் கருவி இல்லை.

2012-இல் வந்த '3' படத்தின் நாயகனுக்கு பைபோலார். தமிழ்நாட்டில் இந்தப் பெயரைப் பரவலாக்கியது அந்தப் படமே. ஆனால் நோயை மனைவியிடம் மறைப்பது, உருவங்கள் தோன்றுவது, வன்முறை, இறுதியில் தற்கொலை என்று அது காட்டிய பாதையில் சிகிச்சையால் மீண்டு வாழ்பவருக்கு இடமே இல்லை. மறுபக்கம், கலைஞர்களின் நோய் என்று இதற்கு மகுடம் சூட்டுவதும் உதவாது. ஸ்வீடனில் பல்வேறு மனநோய்கள் உள்ள மூன்று லட்சம் பேரின் பதிவுகளை ஆராய்ந்து 2011-இல் வந்த ஆய்வு, பைபோலார் உள்ளவர்கள் படைப்புத் தொழில்களில் சற்று அதிகம் என்று கண்டது உண்மை. நோயில்லாத அவர்களது உடன்பிறந்தவர்களும் அப்படியே இருந்தார்கள் என்பதை யாரும் மேற்கோள் காட்டுவதில்லை. திறமைக்கு நோய் தேவையில்லை.

தமிழ்நாட்டில் எல்லா மாவட்டங்களிலும் மாவட்ட மனநலத் திட்டம் இருக்கிறது. சென்னையில் 1794 முதல் இயங்கும் கீழ்ப்பாக்கம் மனநல மருத்துவமனை இருக்கிறது. அதன் பெயரை வசைச் சொல்லாக்கி வைத்திருக்கிறோம் என்பது வேறு வருத்தம். குறை எங்கே என்றால், வெடிப்புக்குப் பின் வீடு திரும்பியவரை இரண்டாம் மாதம் யார் தேடிப் போவது என்பதில். லித்தியம் அளவு பார்க்கும் வசதி ஒவ்வொரு மாவட்டத் தலைமை மருத்துவமனையிலும் இலவசமாகக் கிடைக்க வேண்டும். சர்க்கரைக்கும் ரத்த அழுத்தத்துக்கும் வீடுதேடி மாத்திரை போகும் மாநிலத்தில் அதே பையில் இந்த மாத்திரையும் போகத் தடையில்லை.

சட்டம் ஒரு வழியைத் திறந்து வைத்திருக்கிறது, அதைப் பயன்படுத்துவோர் மிகக் குறைவு. மனநலப் பாதுகாப்புச் சட்டம் 2017-இன்படி, தெளிவாக இருக்கும் நாட்களில் ஒருவர் தன் சிகிச்சை எப்படி அமைய வேண்டும், எப்படி அமையக் கூடாது, தன் சார்பில் முடிவெடுப்பவர் யார் என்று முன்கூட்டியே எழுதிவைக்கலாம். அவசரச் சிகிச்சைக்கு அது பொருந்தாது, மற்ற நேரத்தில் மருத்துவர் அதன்படி நடக்கக் கடமைப்பட்டவர். மற்ற நோய்களுக்குத் தருவதுபோலவே மனநோய்க்கும் காப்பீடு தர வேண்டும் என்பதும், தற்கொலைக்கு முயன்றவரைத் தண்டிக்காமல் கவனிக்க வேண்டும் என்பதும் அதே சட்டம். நோயாளியும் வீட்டாரும் ஓர் ஓய்வான ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து எழுத வேண்டியவை இவை: எத்தனை இரவு தூக்கம் குறைந்தால் டாக்டரை அழைப்பது, அப்போது ஏடிஎம் அட்டையும் வண்டிச் சாவியும் யாரிடம் இருப்பது, எந்த மருந்து முன்பு ஒத்துக்கொண்டது, எது ஒத்துக்கொள்ளவில்லை, குழந்தைகளை யார் வீட்டில் விடுவது. கடைசி வரியில், எந்நேரமும் தமிழில் பேசக் கிடைக்கும் டெலி-மானஸ் எண் 14416.